பாதித் தட்டைக் கேட்டவர்கள்: அவுட்காஸ்ட் இசைத்தொகுப்புகளை முன்வைத்து

2004-ஆம் ஆண்டு. நாம் முதுகலைத் தமிழ் பயின்றுகொண்டிருந்த காலம். அமெரிக்காவின் அட்லாண்டா நகரில் பணியாற்றிய நண்பர் ஒருவர் விடுமுறைக்கு வந்தபோது இரட்டைக் குறுந்தகடு ஒன்றை நம் கையில் திணித்துவிட்டுப் போனார். அவுட்காஸ்ட் என்னும் இருவர் குழுவின் 'ஸ்பீக்கர்பாக்ஸ் / த லவ் பிலோ'. அவ்வாண்டு பிப்ரவரியில்தான் ஆண்டின் சிறந்த இசைத்தொகுப்புக்கான கிராமி விருதை அது பெற்றிருந்தது. "இரண்டு தட்டு இருக்கிறது. ஒன்று பிக் பாய் செய்தது, மற்றது ஆன்ட்ரே செய்தது. இலக்கியம் படிக்கிறவர்களுக்கு ஆன்ட்ரேதான் சரிப்படுவார்" என்றார் நண்பர். நாமும் அவர் சொல்லை மீறவில்லை. ஆன்ட்ரேயின் தட்டைக் கீறல் விழும்வரை கேட்டோம். பிக் பாயின் தட்டு உறையைவிட்டு வெளியே வந்ததாகவே நினைவில்லை.

அன்று நாம் செய்தது வெறும் சோம்பல் என்று நெடுநாள் எண்ணியிருந்தோம். இப்போது இக்குழுவின் ஆறு தொகுப்புகளையும் காலவரிசைப்படி கேட்டு முடித்த நிலையில், அது சோம்பல் அன்று, ஒரு தீர்ப்பு என்று உணர்கிறோம். அத்தீர்ப்பு பிழையானது என்பதும், அது நம் ஒருவருடைய பிழை மட்டும் அன்று, இலக்கிய வாசகர்கள் பலரிடமும் ஊறிப்போன பிழை என்பதும் இக்கட்டுரையின் கருத்து. 2025 நவம்பரில் இக்குழு ராக் அண்டு ரோல் புகழ்க்கூடத்தில் சேர்க்கப்பட்டது. அதையொட்டி நாம் படித்தவற்றிலும் பேச்செல்லாம் ஆன்ட்ரேயைச் சுற்றியே வந்தது. ஆகவே இதைச் சொல்ல இன்னும் தேவை இருக்கிறது.

இக்குழுவை அறியாத நண்பர்களுக்காகச் சில செய்திகள். ஆன்ட்ரே பெஞ்சமின், ஆன்ட்வான் பேட்டன் ஆகிய இருவரும் 1975-இல் பிறந்தவர்கள். முன்னவர் பிற்காலத்தில் ஆன்ட்ரே 3000 என்றும், பின்னவர் பிக் பாய் என்றும் அறியப்பட்டனர். அட்லாண்டாவை அடுத்த ஈஸ்ட் பாயின்டில் ஒரே பள்ளியில் பயின்ற நண்பர்கள். பதின்பருவத்திலேயே ரிக்கோ வேட், ரே மர்ரி, ஸ்லீப்பி பிரவுன் ஆகியோரைக் கொண்ட 'ஆர்கனைஸ்டு நாய்ஸ்' என்ற தயாரிப்பாளர் குழுவிடம் வந்து சேர்ந்தார்கள். ரிக்கோ வேட்டின் தாயார் குடியிருந்த வீட்டின் அடித்தளமே பயிற்சிக்கூடம். சிமென்ட் பூசாத மண்தரை. 'டன்ஜன்', அதாவது பாதாளச் சிறை, என்று அதற்குப் பெயர் வைத்துக்கொண்டார்கள். அந்த மண்தரையிலிருந்துதான் அட்லாண்டா ராப் இசையின் ஒரு தலைமுறை எழுந்தது. ரிக்கோ வேட் 2024 ஏப்ரலில் காலமானார்.

அவுட்காஸ்ட் என்றால் ஒதுக்கப்பட்டவன். ஆங்கிலத்தில் 'சி' வரவேண்டிய இடத்தில் 'கே' போட்டு எழுதுவார்கள். அப்பெயருக்குப் பொருள் இருந்தது. 1970-களில் நியூயார்க்கின் பிராங்ஸ் பகுதியில் தோன்றிய ராப், 1990-களின் தொடக்கத்தில் இரண்டு தலைநகரங்களை மட்டுமே ஒப்புக்கொண்டது: கிழக்கில் நியூயார்க், மேற்கில் லாஸ் ஏஞ்சலஸ். தெற்கில் ஹூஸ்டனிலும் மயாமியிலும் குழுக்கள் இல்லாமல் இல்லை. ஆனால் அவர்களுடைய பேச்சு நாட்டுப்புறப் பேச்சு, அவர்களுடைய தாளம் ஆட்டத்துக்கு மட்டுமே உதவும் என்பது தலைநகரங்களின் எண்ணம். 1995 ஆகஸ்டில் நியூயார்க்கில் 'த சோர்ஸ்' இதழின் விருது விழா நடந்தது. சிறந்த புதிய குழு என்று அவுட்காஸ்டின் பெயர் அறிவிக்கப்பட்டபோது அரங்கம் கூச்சலிட்டது. இருவருக்கும் அப்போது இருபது வயது. கூச்சலுக்கிடையே ஆன்ட்ரே ஒலிவாங்கியைப் பிடித்து, தெற்குக்கும் சொல்வதற்கு ஒன்று உண்டு என்ற பொருள்பட ஒரு வாக்கியம் சொல்லிவிட்டு இறங்கினார். தெற்கத்திய ராப் வரலாறு எழுதுவோர் எவரும் அந்த வாக்கியத்தைத் தவிர்ப்பதில்லை.

ஆனால் சொல்வதற்கு உண்டு என்று அறிவிப்பது வேறு. சொல்லிக் காட்டுவது வேறு. சொன்னது என்ன? யார் சொன்னார்? இங்கேதான் தொகுப்புகளுக்குள் நுழைய வேண்டியிருக்கிறது.

முதல் தொகுப்பு 1994-இல் வந்தது. 'சதர்ன்பிளேயலிஸ்டிக்காடிலாக்மியூசிக்' என்று அதற்குப் பெயர். தெற்கையும் காடிலாக் காரையும் இசையையும் ஒரே சொல்லாகப் புணர்த்தி வைத்திருக்கிறார்கள். கார், தெரு, உணவு, நண்பர் கூட்டம் என்று ஊரின் பொருள்கள் அதில் வரிசையாக வருகின்றன. இரண்டாவது தொகுப்பு 'ஏடிஎலியன்ஸ்' (1996). அட்லாண்டாவின் சுருக்கக் குறியீட்டையும் வேற்றுக்கிரகவாசியைக் குறிக்கும் சொல்லையும் இணைத்த பெயர். ஒலிம்பிக் போட்டிகள் அந்நகரில் நடந்து முடிந்த அதே மாதத்தில் வெளியானது. உலகமே அட்லாண்டாவைப் பார்த்துக்கொண்டிருந்தபோது, அந்நகரத்துப் பிள்ளைகள் இருவர் தங்களை இவ்வுலகத்தைச் சேராதவர்கள் என்று அழைத்துக்கொண்டார்கள்.

பேச்சுமொழியைப் பற்றி ஒரு சொல். அமெரிக்கத் தெற்கின் நாவு உயிரொலிகளை இழுத்து வளைக்கும். 'திங்' என்பது அங்கே 'தேங்' ஆகும். ஆனதும் 'கேங்' என்பதோடு இயைந்துவிடும். நியூயார்க்கின் நாவில் கூடாத இயைபு அட்லாண்டாவின் நாவில் கூடும். ஆகவே இவர்களுடைய பாடலை ஏட்டில் எழுதிப் படித்தால் பாதி யாப்பு காணாமற்போகும். ஊரின் பேச்சு இங்கே அலங்காரமன்று. யாப்பைத் தாங்கும் எலும்பு. பாடலின் பாடம் ஒலிப்பதிவில் இருக்கிறது, அச்சில் இல்லை. ஏட்டிலக்கியம் பயின்ற நமக்கு இது முதலில் பிடிபடவில்லை. வரிகளை எடுத்து வைத்துக்கொண்டு கவிதை தேடினோம். தேடியவர்களுக்கு ஆன்ட்ரே உடனே கிடைத்தார். அவருடைய படிமங்கள் அச்சிலும் நின்றன. பிக் பாயின் ஆற்றல் சொற்களைத் தாளத்தின் எந்த இடுக்கில் செருகுவது என்னும் நுட்பத்தில் இருந்தது. அது அச்சில் விழவில்லை.

மூன்றாவது தொகுப்பான 'அக்வெமினி' (1998) இக்குழுவின் உச்சம் என்பது நம் கருத்து. பெயரே செய்தி சொல்கிறது. மேலைச் சோதிடப்படி பிக் பாய் கும்ப ராசி, ஆன்ட்ரே மிதுன ராசி. இரண்டு ராசிகளின் ஆங்கிலப் பெயர்களையும் கலந்து ஒரு பெயர் செய்தார்கள். பெரும்பாலான பாடல்களை அவர்களே தயாரித்தார்கள். ஊதுகுழல்களும் கிதாரும் ஹார்மோனிகாவும் வாத்தியக்காரர்களால் நேரடியாக வாசிக்கப்பட்டன. மூன்று ஆண்டுகளுக்கு முன் எந்த இதழின் விழாவில் கூச்சல் எழுந்ததோ, அதே 'த சோர்ஸ்' இதழ் இத்தொகுப்புக்குத் தன் உச்ச மதிப்பீடான ஐந்து ஒலிவாங்கிகளை வழங்கியது.

அதிலுள்ள 'டா ஆர்ட் ஆஃப் ஸ்டோரிடெல்லின்' முதற்பாகத்தை எடுத்துக்கொள்வோம். கதை சொல்லும் கலை என்று தலைப்பு. முதலில் வருபவர் பிக் பாய். அவர் சொல்வது ஒரு பெண்ணோடு நேர்ந்த இரவல் உறவைப் பற்றிய கொச்சையான வேடிக்கைக் கதை. அடுத்து ஆன்ட்ரே. அவர் கதையில் சிறுவனும் சிறுமியும் வானத்து மீன்களைப் பார்த்தபடி வருங்காலத்தைப் பற்றிப் பேசிக்கொள்கிறார்கள். அச்சிறுமியின் ஆசை எந்தத் தொழிலும் அன்று. உயிர் பிழைத்திருப்பது மட்டுமே. அவளுக்கு அதுவும் வாய்ப்பதில்லை. சூலுற்ற நிலையில், கையில் ஊசியோடு பிணமாகக் கண்டெடுக்கப்படுகிறாள். ஆன்ட்ரேயின் கதை மனத்தை உலுக்குவது என்பதில் ஐயமில்லை. நாமும் பல காலம் முதற்கதையைத் தள்ளிவிட்டு இரண்டாவதற்கு மட்டும் தாவினோம். அப்படிக் கேட்பவர்களுக்கு அந்தப் பாடல் கிடைப்பதில்லை என்று இப்போது சொல்வோம். ஒரே தெருவில் ஒரே வயதுப் பெண்ணைப் பற்றிச் சிரித்துக்கொண்டு சொல்லப்படும் கதைக்கு அடுத்த கதவுதான் மரணம் என்பதே பாடலின் அமைப்பு. முதற்கதைக்குச் சிரித்தவர்கள் இரண்டாவது கதையில் தம் சிரிப்புக்கு விடை சொல்ல வேண்டியிருக்கிறது. சிரிக்காமல் வந்தவர்கள் வெறும் சோகக்கதை ஒன்றைக் கேட்டுவிட்டுப் போகிறார்கள்.

இன்னொரு பாடல் 'ஸ்பாட்டியாட்டிடோபலிஷியஸ்'. ஏழு நிமிடம் ஓடுவது. அதன் ஊதுகுழல் இசையைக் கேட்டவர் மறக்க இயலாது. இருவரும் அதில் பாடுவதில்லை, ராப்பும் செய்வதில்லை; நிதானமாகப் பேசுகிறார்கள். ஆன்ட்ரே ஓர் இரவு விடுதியின் காட்சியை வரைகிறார். பிக் பாய் அதை வாழ்க்கைக்குள் இழுத்துக்கொண்டு போகிறார். ஆட்டக்களத்தில் ஒரு பெண்ணைக் காணும் இளைஞன் நான்கு ஆண்டுகளில் தகப்பன் ஆகிறான். போதைப்பொருள் விற்ற காசை நம்பிக் குழந்தைக்குப் பாலூட்ட இயலாது. பார்சல் நிறுவனத்துக்கும் அஞ்சலகத்துக்கும் விண்ணப்பிக்கிறான். சிறுநீர்ப் பரிசோதனையில் தேறாததால் எங்கிருந்தும் அழைப்பு வருவதில்லை. பழைய இடத்துக்கே திரும்புகிறான். அந்த இடத்துக்கு அட்லாண்டாவின் பேச்சில் 'ட்ராப்' என்று பெயர். போதைப்பொருள் கைமாறும் வீட்டைக் குறிக்கும் சொல். அதன் நேர்ப்பொருள் பொறி. எலிப்பொறி என்கிறோமே, அந்தப் பொறி. பிக் பாய் அச்சொல்லை முதலில் இடப்பெயராகச் சொல்கிறார். சற்று நிறுத்தி, அதன் நேர்ப்பொருளுக்கே திரும்புகிறார். வேலை தேடும் ஏழையின் முழுக்கதையும் ஒரு சொல்லின் இரு பொருளுக்குள் முடிந்துவிடுகிறது. நாம் இதைச் சிலேடை என்று வகுப்பில் நடத்துவோம். ஆனால் விளையாட்டுக்காகச் செய்யப்பட்ட சிலேடை அன்று இது. பின்னாளில் அட்லாண்டாவிலிருந்து 'ட்ராப் இசை' என்றே ஒரு வகை கிளம்பி உலகெங்கும் பரவியது. அச்சொல்லுக்குள் இருந்த பொறியை இவ்வளவு சுருக்கமாகத் திறந்து காட்டிய வேறு பாடலை நாம் கேட்டதில்லை.

இதைச் சொன்னவர் ஆன்ட்ரே அல்லர், பிக் பாய். உறையிலேயே விட்டுவைத்தோமே, அவர்தான்.

நமக்குப் பழகிய அளவுகோல் ஒன்றைக் கொண்டு இதை விளக்கலாம். முதற்பொருள், கருப்பொருள், உரிப்பொருள் என்று நம் இலக்கணம் பாடலைப் பிரிக்கிறது. நிலமும் பொழுதும் முதற்பொருள். அந்நிலத்து உணவும் தொழிலும் விலங்கும் கருப்பொருள். மனத்தின் ஒழுக்கம் உரிப்பொருள். மூன்றில் உரிப்பொருளே சிறந்தது என்று கற்றோம். ஆனால் நிலமில்லாமல் உரிப்பொருள் நிற்க இடமில்லை என்பதையும் அதே திணை மரபுதான் கற்பித்தது. அவுட்காஸ்டில் பெரும்பாலும் பிக் பாய் நிலத்தையும் கருப்பொருளையும் தருகிறார். ஆன்ட்ரே உரிப்பொருளைத் தருகிறார். ஆன்ட்ரேயின் வேற்றுக்கிரகம் நம்பும்படி இருப்பதற்குக் காரணம், பக்கத்திலேயே ஒருவர் தெருவின் பெயரையும் காரின் பெயரையும் சொல்லிக்கொண்டிருப்பதுதான். பட்டம் பறப்பதற்கு நூல் பிடித்தவரும் காரணம். இலக்கிய வாசகர்கள் அண்ணாந்து பட்டத்தையே பார்க்கிறோம்.

நான்காவது தொகுப்பான 'ஸ்டான்கோனியா' (2000) இந்த இரட்டைத்தன்மையின் கடைசிப் பெரும் சான்று. 'மிஸ் ஜாக்சன்' என்ற பாடல் 2001 பிப்ரவரியில் அமெரிக்கப் பாடல் தரவரிசையில் முதலிடம் பெற்றது. பிரிந்துபோன காதலியின் தாயாரை விளித்துப் பாடும் பாடல் அது. தன் குழந்தையின் பாட்டியிடம் ஓர் இளந்தகப்பன் பேசுவது. இசையுலகில் அரிதான விளி. ஆன்ட்ரேயின் பகுதியில் வருத்தமும் மன்னிப்பும் இருக்கின்றன. பிக் பாயின் பகுதியில் குழந்தையைப் பார்க்கும் உரிமை, பணம், வழக்கு பற்றிய கோபம் இருக்கிறது. மன்னிப்பு மட்டும் இருந்திருந்தால் அது அழகான பாடல். கோபமும் சேர்ந்ததால் அது உண்மையான பாடல். 'பி.ஓ.பி.' என்ற மற்றொரு பாடலில் வெறிகொண்ட வேகத் தாளத்தின்மீது இருவரும் மாறிமாறிப் பாய, முடிவில் தேவாலயப் பாடகர் குழு வந்து சேர்கிறது. இரண்டு குரலும் ஒரே பாடலுக்குள் ஒன்றையொன்று துரத்திய காலம் இதோடு ஏறக்குறைய முடிந்தது.

2003-இல் வந்த இரட்டைத் தட்டில் இருவரும் ஆளுக்கொரு தட்டாகப் பிரிந்தனர். விற்பனையில் அதுவே அவர்களுடைய பெருவெற்றி. இரட்டைத் தட்டை இரண்டாகக் கணக்கிடும் முறைப்படி ஒரு கோடியைக் கடந்து வைரச் சான்றிதழ் பெற்றது. கிராமியின் முதன்மை விருதும் அதற்கே. ஆன்ட்ரேயின் 'ஹே யா!' ஒன்பது வாரம் முதலிடத்தில் இருந்தது. அன்பு தீர்ந்துபோன பின்னும் சேர்ந்திருக்கும் காதலர்களைப் பற்றிய துயரமான பாட்டு அது. குதூகலமான மெட்டில் வந்ததால் உலகம் ஆடித் தீர்த்தது. அதை முதலிடத்திலிருந்து இறக்கிய பாடல் எது என்று கேட்டால் பலர் விழிப்பார்கள். அதே இரட்டைத் தொகுப்பில், பிக் பாயின் தட்டிலிருந்த 'த வே யு மூவ்'. ஈராக் படையெடுப்பு நடந்த அந்த ஆண்டில் 'வார்' என்று பெயரிட்டு நேரடியாக அரசியல் பேசிய பாடல் இருந்ததும் பிக் பாயின் தட்டில்தான். அதை நாம் கேட்டது பதினைந்து ஆண்டுகளுக்குப் பிறகு.

நம் கருத்தைத் திட்டமாகச் சொல்லிவிடுகிறோம். 2003-இல் உலகம் பரிசளித்துக் கொண்டாடியது இக்குழுவின் பிரிவை. இரு குரலும் ஒரே பாடலில் முட்டி மோதியபோது கிடைத்த செறிவு இரு தட்டிலுமே இல்லை. ஆன்ட்ரேயின் தட்டு துணிச்சலானது, சில இடங்களில் அழகானது. ஆனால் நூலறுந்த பட்டம்போல் இடமற்று மிதப்பது. பிக் பாயின் தட்டு உறுதியானது. அதில் வானம் குறைவு. 2006-இல் வந்த 'ஐடில்வைல்ட்' அதே பெயரிலான திரைப்படத்தோடு இணைந்து வந்தது. அதற்குப்பின் இருவரும் சேர்ந்து புதிய தொகுப்பு எதுவும் வெளியிடவில்லை. 2014-இல் ஒரு சுற்று மேடைகளில் தோன்றியதோடு சரி. ஆன்ட்ரே 2023 நவம்பரில் குழலிசைத் தொகுப்பொன்றை வெளியிட்டார். அதில் ராப் ஒரு சொல்லும் இல்லை.

மறுப்புகள் வரும் என்பதை அறிவோம். புதியன புகுத்தியவர் ஆன்ட்ரேதானே என்பது முதல் மறுப்பு. பெருமளவு உண்மை, அவரைக் குறைப்பது நம் நோக்கமன்று. பிக் பாயின் தட்டிலும் சில பாடல்களின் இசை ஆன்ட்ரேயுடையது. நாம் கேட்பது, கேட்கும் முறையில் உள்ள சாய்வைப் பற்றி. இரண்டாவது மறுப்பு இன்னும் கனமானது. இப்பாடல்களில் பெண்களைப் பற்றிய பேச்சு பல இடங்களில் இழிவானது, பிக் பாயின் பகுதிகளில் கூடுதலாகவே. அதற்கு நம்மிடம் சமாதானமில்லை. 'ரோசா பார்க்ஸ்' என்ற பாடலுக்குத் தம் பெயரைத் தலைப்பாக வைத்ததை எதிர்த்து, 1955-இல் மான்ட்காமரி நகரப் பேருந்தில் இருக்கையை விட்டு எழ மறுத்த அந்த அம்மையார் 1999-இல் வழக்குத் தொடுத்தார். பாடலோ அவரைப் பற்றியது அன்று. போட்டியாளர்களைப் பேருந்தின் பின்பக்கம் போகச் சொல்லும் பெருமிதப் பாட்டு. 2005-இல், அவர் மறைந்த ஆண்டிலேயே, வழக்கு சமரசத்தில் முடிந்தது. அவருடைய மனவருத்தம் நியாயமானது என்றே நினைக்கிறோம். தெற்கின் குரலாக வந்தவர்கள் தெற்கின் மூதாட்டி ஒருவரிடம் முதலில் கேட்டிருக்கலாம்.

இவ்வளவும் ஓர் இசைக்குழுவைப் பற்றிய சுவை வேறுபாடு மட்டும் என்றால் எழுதியிருக்க மாட்டோம். சில ஆண்டுகளுக்கு முன் வகுப்பில் மாணவர் இருவர் சேர்ந்து ஒரு கட்டுரை எழுதி வந்தனர். ஒருவன் எழுதிய பகுதியில் கனவும் உவமையும் பொங்கின. மற்றவன் தன் ஊர்ப் பேருந்தில் அன்றாடம் ஏறுகிறவர்கள், அவர்கள் கொண்டுபோகும் பொருள்கள், இறங்கும் இடங்கள் ஆகியவற்றை எழுதியிருந்தான். முதல்வனைப் பாராட்டினோம். மற்றவனிடம், "இது செய்தித்தாள் நடை, தம்பி" என்றோம். அவன் தலையசைத்துக்கொண்டான். அதன்பின் அந்த வகுப்பில் அவன் எதையும் எழுதித் தரவில்லை. முதல்வனுடைய கனவுகள் எந்த ஊரில் நிகழ்ந்தன என்பதே அந்தப் பேருந்துப் பகுதியால்தான் நமக்கு விளங்கியிருந்தது. விளங்கியிருந்தும் அதைச் சொல்லவில்லை. பிக் பாயின் தட்டை உறையில் வைத்த அதே கைதான் அதையும் செய்தது.

இக்குழுவைப் புதிதாகக் கேட்க விரும்பும் நண்பர்களுக்கு ஒன்று சொல்வோம். பரிசு பெற்றதிலிருந்து தொடங்க வேண்டாம். 1998-இன் 'அக்வெமினி'யிலிருந்து தொடங்குங்கள். எந்தப் பாடலிலும் முதற்குரலைத் தள்ளிவிட்டு இரண்டாவதற்குத் தாவாதீர்கள். நாம் இவ்வாரம் அந்தப் பழைய இரட்டைத் தட்டைத் தேடி எடுத்தோம். ஆன்ட்ரேயின் தட்டு கீறல்களால் திக்கித் திக்கி ஓடுகிறது. பிக் பாயின் தட்டு இருபது ஆண்டுக்குப் பின்னும் புதிதாக இருக்கிறது. அதன் பளபளப்பைப் பார்க்கையில் நமக்கு வெட்கமாகத்தான் இருந்தது.